சுவருக்கு இந்தப் பக்கம்

(பழைய மாணவிகள் சங்க லண்டன் கிளையின் நூற்றாண்டு ஒன்றுகூடலில் ஆற்றிய உரை)



"இசையைப் பற்றி ஒரு இருபது நிமிடம் பேசுங்கோ அக்கா" என்று செயலாளர் கேட்டபோது, நான் தீட்சிதரைப் பற்றியோ பாபநாசம் சிவனைப் பற்றியோ பேசுவேன் என்றுதான் அவர் நினைத்திருப்பார். பள்ளிக்கூடத்தில் வீணை படித்து, இங்கே வந்து சனிக்கிழமைகளில் பிள்ளைகளுக்குப் பாட்டுச் சொல்லிக் கொடுக்கிறவள் வேறு எதைப் பேசப் போகிறாள்? தலைப்பை அனுப்பியதும் அவரிடமிருந்து தொலைபேசி வந்தது. "அக்கா, இது றொக் இசை அல்லோ?" ஓம், றொக் இசைதான். பிங்க் ஃபுளொய்ட் என்ற ஆங்கிலேயக் குழு 1979ஆம் ஆண்டு நவம்பர் 30ஆம் திகதி வெளியிட்ட 'த வோல்' என்ற இரட்டை இசைத்தட்டைப் பற்றித்தான் பேசப் போகிறேன். 'சுவர்' என்பது பெயரின் பொருள்.

இதை நான் முதலில் கேட்டது பூட்டிய கதவுக்கு வெளியே நின்று. அப்போது மகனுக்குப் பதினைந்து வயது. பள்ளியால் வருவான், அறைக்குள் போவான், கதவைச் சாத்துவான். பிறகு சுவர் அதிரும். "தம்பி, சத்தத்தைக் குறை" என்பேன். குறையும். பத்து நிமிடத்தில் மறுபடி கூடும். என்ன கேட்கிறான் என்று ஒருநாளும் நான் விசாரித்ததில்லை. அது இசை என்றே எனக்குப் படவில்லை.

நாலு வருடம் கழித்து, லீட்ஸில் படித்துக்கொண்டிருந்தவனை நத்தார் விடுமுறைக்குக் கூட்டிவரப் போனேன். திரும்பும்போது அவன்தான் காரை ஓட்டினான். "அம்மா, ஒரு தரம் முழுவதையும் கேளுங்கோ. இடையிலே கதைக்கக் கூடாது" என்று சொல்லி இறுவட்டைப் போட்டான். நான் இப்போது சொல்லப் போவதெல்லாம் அந்தப் பயணத்தில் தொடங்கியதுதான்.

இதில் 26 பாட்டுகள் இருக்கின்றன. மொத்தம் ஏறத்தாழ 80 நிமிடம். தனித்தனியாகக் கேட்டால் தனித்தனிப் பாட்டுகள். வரிசையாகக் கேட்டால் ஒரே கதை. இது ஏதோ வெள்ளைக்காரரின் புதுமை என்று நினைக்க வேண்டாம். கோபாலகிருஷ்ண பாரதியாரின் நந்தனார் சரித்திரக் கீர்த்தனைகளை நாங்கள் மேடையில் ஆடியிருக்கிறோம் அல்லவா? ஒவ்வொரு கீர்த்தனைக்கும் தனி இராகம், தனி உணர்ச்சி. ஆனாலும் ஆதனூரிலிருந்து தில்லை வரைக்கும் ஒரே பாதை. (வகுப்பிலே உயரமானவள் என்பதற்காக எனக்கு வேதியர் வேடம் தந்தார்கள். அந்த மனத்தாங்கல் இன்னும் ஆறவில்லை.)

இங்கே கதாநாயகன் பெயர் பிங்க். புகழ்பெற்ற பாடகன். தகப்பன் போரில் இறந்துவிட்டார். தாய் பொத்திப் பொத்தி வளர்த்தாள். பள்ளியில் ஆசிரியர் ஏளனம் செய்தார். மணவாழ்க்கை முறிந்தது. ஒவ்வொரு காயமும் ஒரு செங்கல்லாகி, அவன் தன்னைச் சுற்றி ஒரு சுவரை எழுப்பிக்கொள்கிறான். கடைசிக் கல்லையும் வைத்தபின் உள்ளே மூச்சு முட்டுகிறது.

பாட்டுகளில் பெரும்பாலானவற்றை எழுதியவர் றோஜர் வோட்டர்ஸ். 1977இல் மொன்றியல் நகரத்துப் பெரிய விளையாட்டரங்கு ஒன்றில் பாடிக்கொண்டிருந்தபோது, முன்வரிசையில் ஆரவாரம் செய்த ஒரு ரசிகனின் முகத்தில் அவர் துப்பிவிட்டார். பிறகு தன்னைப் பார்த்துத் தானே வெட்கப்பட்டார். எனக்கும் இவர்களுக்கும் நடுவிலே ஒரு சுவர் இருக்கிறது என்ற எண்ணம் அங்கேதான் பிறந்தது. ஆனால் அத்திவாரம் அதைவிட ஆழத்தில் கிடந்தது. அவருடைய தகப்பன் எரிக் வோட்டர்ஸ் 1944 பெப்ரவரியில் இத்தாலியில் அன்சியோப் போர்முனையில் இறந்தவர். மகனுக்கு அப்போது ஐந்து மாதம். உடல் கிடைக்கவில்லை.

உடல் கிடைக்கவில்லை என்ற சொற்களின் பாரத்தை இந்த மண்டபத்தில் இருப்பவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

இனி இசைக்கு வருவோம். தொகுப்பின் முதற்பாதியில் ஒரே பாட்டு மூன்று பாகமாக மூன்று இடத்தில் வரும். முதலாம் பாகம் தகப்பனைப் பற்றியது. கிற்றார் தாழ்ந்த குரலில் தட்டிக்கொண்டே இருக்கும், தாளவாத்தியம் ஒன்றும் கிடையாது. இரண்டாம் பாகம் பள்ளியைப் பற்றியது. அதற்கு டிஸ்கோ நடை. மூன்றாம் பாகம் முழுக்கக் கோபம். மூன்றிலும் அடியில் கிடப்பது ஒரே சிறிய சுரக்கோவை: ஸ ரி க ரி. சதுசுருதி ரிஷபமும் சாதாரண காந்தாரமும். இரண்டாம் பாகத்தில் டேவிட் கில்மர் வாசிக்கும் கிற்றாரைக் கேட்டால் கரகரப்பிரியாவின் சாயல் நன்றாகத் தெரியும். பிள்ளை தூங்கவும் பாடலாம், தெருவிலே ஊர்வலம் போகவும் பாடலாம் என்பதுபோன்ற எளிய மெட்டு. இதை விளங்கிக்கொண்ட பிறகு 'சத்தம்' என்ற சொல்லை நான் விட்டுவிட்டேன்.

அந்த இரண்டாம் பாகம்தான் உலகம் முழுவதும் தெரிந்தது. 1979 நத்தாருக்கு இங்கிலாந்தின் முதலிடப் பாட்டு அதுதான். கல்வி வேண்டாம் என்று பிள்ளைகள் பாடும் பாட்டு. வேண்டாம் என்கிற அந்த அடியிலேயே ஆங்கில இலக்கணம் பிழை, ஆகவே கல்வி வேண்டியிருக்கிறது என்பதும் அதிலேயே நிரூபணமாகிறது. அதைப் பாடியவர்கள் கூலிப் பாடகர்கள் அல்லர். லண்டன் இஸ்லிங்டன் கிரீன் பாடசாலைப் பிள்ளைகள் 23 பேர். குழுவினர் லொஸ் ஏஞ்சல்ஸில் இருந்தபோது, பாடசாலைக்குக் கிட்டே இருந்த குழுவின் ஒலிப்பதிவுக்கூடத்துக்கு இசையாசிரியர் பிள்ளைகளைக் கூட்டிப்போனார். அவர்களுடைய குரலைத் திரும்பத் திரும்பப் பதிந்து, ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கி ஒரு பெருங்கூட்டமாக்கினார்கள். சொற்களைக் கேட்டபின் அதிபர் அம்மையார் பிள்ளைகள் தொலைக்காட்சியில் தோன்ற அனுமதிக்கவில்லை. பாடசாலைக்கு ஆயிரம் பவுண் கிடைத்தது. பிள்ளைகள் தங்களுக்கும் உரிமைத்தொகை உண்டு என்று கேட்டது 2004இல், எல்லோரும் முப்பதைத் தாண்டிய பிறகு.

அதே பாட்டை 1980இல் தென்னாபிரிக்காவில் கறுப்பின, கலப்பின மாணவர்கள் தங்கள் வகுப்புப் பகிஷ்கரிப்பிலே பாடினார்கள். அரசாங்கம் பாட்டையே தடைசெய்தது. அவர்கள் கல்வி வேண்டாம் என்று பாடவில்லை. தங்களைத் தாழ்த்தி வைத்த கல்வி வேண்டாம் என்று பாடினார்கள்.

இந்தத் தொகுப்பை வைத்து அலன் பார்க்கர் 1982இல் எடுத்த திரைப்படத்தில் ஒரு காட்சி உண்டு. பையன் களவாகக் கவிதை எழுதிக்கொண்டிருப்பான். ஆசிரியர் அதைப் பறித்து வகுப்புக்கு முன்னால் உரக்க வாசித்து ஏளனம் செய்வார். அதைப் பார்த்தபோது எனக்கு வேறொருவரும் ஞாபகம் வரவில்லை, நான்தான் வந்தேன். ஒரு கலைவிழாவுக்குக் கூட்டுப்பாட்டுப் பழக்கியபோது, சுருதி சேராத ஒரு சின்னப் பிள்ளையிடம், "நீ பின்னுக்கு நின்று வாயை மட்டும் அசை" என்று சொல்லியிருக்கிறேன். பிள்ளையும் அப்படியே வாயை மட்டும் அசைத்தாள். அடுத்த தவணைக்கு வரவில்லை. அன்று விழா நன்றாக நடந்தது, எனக்குப் பொன்னாடையும் போர்த்தினார்கள். இந்த மண்டபத்தில் ஆசிரியைகள் அநேகம் பேர் இருக்கிறீர்கள். நான் மேலே சொல்லவில்லை.

அடுத்தது 'தாய்' என்ற பாட்டு. கார் லெஸ்ரரைத் தாண்டவில்லை, கதைக்கக் கூடாது என்ற விதியை நான் முறித்துவிட்டேன்.

அது ஒரு தாலாட்டைப்போல, வெறும் கிற்றாரோடு தொடங்கும். பிள்ளை கேள்வி கேட்கிறான்: குண்டு போடுவார்களா, என்னை எல்லோருக்கும் பிடிக்குமா, நான் சுவர் கட்டவேண்டுமா என்று. கேள்விகளைப் பாடுகிறவர் வோட்டர்ஸ். மறுமொழி சொல்லும் தாயின் குரலைக் கில்மர் பாடுகிறார். தாய் சொல்லும் மறுமொழி என்ன? தன் பயங்கள் எல்லாவற்றையும் பிள்ளைக்குள் போடுவாளாம், கதகதப்பாக வைத்திருப்பாளாம், சுவர் கட்டவும் உதவி செய்வாளாம். மெட்டு மிகவும் இனிமை. ஆனால் தாளத்தை எண்ணிப் பாருங்கள், நிலையாக நிற்காது. ஒரு இடத்தில் ஐந்து வரும், இன்னொரு இடத்தில் ஒன்பது வரும். குழுவின் தாளவாத்தியக்காரர் நிக் மேசனுக்கே அது சரிவரவில்லை. ஜெஃப் பொர்க்காரோ என்ற வெளிக் கலைஞரை அழைத்து வாசிக்க வைத்தார்கள். கேட்பவருக்கு ஏதோ ஒன்று இடறுகிறது, ஆனால் எது என்று பிடிபடாது. அளவுக்கு மிஞ்சிய அன்பும் அப்படித்தான் இருக்கும் என்று அந்த நேரத்தில் எனக்குத் தோன்றியது.

"அப்ப, இது நானா?" என்று கேட்டேன்.

"இல்லையம்மா. பாட்டைக் கேளுங்கோ."

ஆனால் நானேதான். இவன் பாடசாலைச் சுற்றுலாவுக்குப் பிரான்சுக்குப் போகக் கேட்டபோது விடவில்லை. கூட்டாளியின் வீட்டில் ஒரு இரவு தங்க விட்டதில்லை. பள்ளியால் வர அரை மணித்தியாலம் பிந்தினால், நான் பஸ் தரிப்பிடத்தில் நிற்பேன். ஏன் என்று அவனும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. இவனுடைய அப்பா 1990இல் ஒரு காலையில் சைக்கிளில் வீட்டைவிட்டுப் போனார். அதற்குப் பிறகு எங்களுக்கு ஒரு செய்தியும் இல்லை. நாலு வயதுப் பிள்ளைக்கு என்ன சொல்வது என்று அன்று விட்டேன். பிறகு பதினைந்து வயதுப் பிள்ளைக்கு எப்படித் தொடங்குவது என்று விட்டேன்.

முதலாவது இறுவட்டு, சுவரின் கடைசிக் கல்லோடு முடிகிறது. நாங்கள் நெடுஞ்சாலையோரத்தில் நிறுத்தித் தேநீர் குடித்தோம். ஒரு சொல்லும் கதைக்கவில்லை.

இரண்டாவது இறுவட்டில்தான் இந்தக் குழுவின் இசை வீச்சு முழுதாகத் தெரிகிறது. சுவருக்குப் பின்னாலிருந்து வெளியே கூப்பிடும் ஒரு பாட்டு. அடுத்து ஒரு நைலோன் நரம்புக் கிற்றார், ஸ்பானிய வாசிப்பைப்போலத் தனியே அழும். ஹோட்டல் அறையிலே தன்னிடம் உள்ள பொருள்களை ஒவ்வொன்றாக எண்ணி, வீட்டுக்குத் தொலைபேசி எடுத்தால் எடுக்க ஆளில்லை என்று பியானோவோடு பாடும் ஒரு பாட்டு. அதன் பின்னே வாத்தியக்குழு மெல்ல எழும்பி வரும். கடைசிப் பக்கத்திலோ படை அணிவகுப்பின் காலடி ஓசை, ஒலிபெருக்கியில் வெறிப்பேச்சு. காயப்பட்டவனே மற்றவர்களைக் காயப்படுத்தும் தலைவனாகிவிடுகிறான். அந்தப் பகுதியைப் பற்றி அதிகம் பேச எனக்கு விருப்பமில்லை. தேவையான பகுதி, ஆனால் நான் திரும்பக் கேட்பதில்லை.

நான் திரும்பத் திரும்பக் கேட்பது 'கம்ஃபர்ட்டப்ளி நம்'. வலியில்லாத மரத்துப்போன நிலை என்று பொருள் கொள்ளலாம். 1977இல் ஒரு மேடைக்கு முன் வயிற்று வலியால் துடித்த வோட்டர்ஸுக்கு வைத்தியர் ஊசி போட்டு மேடைக்கு அனுப்பினார். கைகள் மரத்த நிலையில் பாடியிருக்கிறார். அதுதான் பாட்டுக்குக் கரு. வைத்தியரின் குரலில் வோட்டர்ஸ் பாடுகிறார், நோயாளியின் குரலில் கில்மர் பாடுகிறார். எங்கள் சங்கீத ரீச்சரின் மாணவிகள் கொஞ்சம் காது கொடுங்கள். வைத்தியர் பாடும் பகுதி ஏறத்தாழ நடபைரவி. நோயாளி பாடும் பகுதி ஏறத்தாழ சங்கராபரணம். சங்கராபரணத்தின் தைவதத்தை ஸட்ஜமாக வைத்தால் நடபைரவி வரும் என்று ரீச்சர் கரும்பலகையில் எழுதிக் காட்டியது நினைவிருக்கிறதா? அதே கிரகபேதம். இரண்டு பேரும் பெரும்பாலும் ஒரே சுரங்களைத்தான் பாடுகிறார்கள். ஸட்ஜம் எது என்பதில்தான் வேறுபடுகிறார்கள். ஒரே வீட்டில் இருந்துகொண்டு ஒருவர் சொல்வது மற்றவருக்குக் கேட்காமல் போவதற்கு இதைவிட நல்ல உவமை எனக்குத் தெரியாது. நோயாளி தன் சிறுவயதை நினைக்கும் இடத்தில் சங்கராபரணத்துக்கு உரியதல்லாத கைசிகி நிஷாதம் ஒன்று வந்துபோகும், அந்நிய சுரமாக. நெஞ்சு கரைகிறது அங்கேதான். மைக்கல் கேமன் அமைத்த வாத்தியக்குழு இசை பின்னணியில் பனிபோல இருக்கும். முடிவில் கில்மரின் கிற்றார், சொல் ஒன்றும் இல்லாமல், வலியைத் திருப்பிக் கொண்டுவருகிறது.

அதற்குச் சற்று முன்னால் ஒன்றரை நிமிடப் பாட்டு ஒன்று உண்டு. போர்க்காலத்தில் படையினருக்காகப் பாடிய வேரா லின் அம்மையாரின் பெயரையே தலைப்பாகக் கொண்டது. பிரிந்தவர்கள் ஒருநாள் மறுபடி சந்திப்பார்கள் என்று அவர் பாடினார். நாடே நம்பியது. பலர் வந்தார்கள், இந்தப் பையனின் தகப்பன் வரவில்லை. அவன் அந்த அம்மையாரைத் தேடிக் கேட்கிறான். உடனே முரசுகளும் பெருங்குழுப் பாடகர்களும் சேர்ந்து, பிள்ளைகளை வீட்டுக்குக் கொண்டுவாருங்கள் என்று கதறுகிறார்கள். றொக் இசை அங்கே முற்றாக நின்றுபோகிறது. தேவாலயத்தில் நிற்பதுபோல இருக்கும்.

அந்த இடத்தில் மகன் இசையை நிறுத்தினான். வீதியைப் பார்த்துக்கொண்டே, "அப்பாவைப் பற்றி நீங்கள் ஒன்றுமே சொன்னதில்லை அம்மா" என்றான்.

சைக்கிளின் நிறத்திலிருந்து தொடங்கினேன். வீடு வந்து சேரும்வரைக்கும் சொன்னேன்.

மிச்சப் பாட்டுகளை மறுநாள் சமையலறையில் இருந்து கேட்டோம். அப்போது எனக்குள்ள மனக்குறைகளையும் அவனிடம் சொன்னேன். உங்களுக்கும் சொல்கிறேன். இந்தக் கதையில் வருகிற பெண்கள் எல்லோரும் அவனுக்குக் கெடுதி செய்கிறவர்கள்தான். தாய் மூச்சுமுட்ட வைக்கிறாள், மனைவி துரோகம் செய்கிறாள். இறுதியில் அவன் மனத்துக்குள்ளே நடக்கும் விசாரணையிலும் ஆசிரியரோடு இவர்கள் இருவரும் சாட்சி சொல்ல வருகிறார்கள். ஆனால் நிசத்தில் வோட்டர்ஸின் தாய் மேரி, கணவன் போனபின் இரண்டு ஆண்பிள்ளைகளையும் கேம்பிரிட்ஜுக்குக் கூட்டிப்போய் வளர்த்து ஆளாக்கியவர். அவரும் ஒரு ஆசிரியை. அவருடைய சுவரைப் பற்றி 26 பாட்டிலும் ஒரு பாட்டு இல்லை. "அதை நீங்கள்தான் பாடவேணும் அம்மா" என்றான் மகன். பகிடியாகத்தான் சொன்னான்.

இன்னொன்று. தனிமையைப் பற்றிப் பாடிய இந்தக் குழுவே, இந்த இசைத்தட்டைச் செய்துகொண்டிருந்தபோதுதான் உடைந்தது. பியானோ, ஓகன் வாசித்த றிச்சட் றைட்டைக் குழுவிலிருந்து விலக்கினார்கள். பின்னர் மேடை நிகழ்ச்சிகளுக்குச் சம்பளம் கொடுத்து அவரையே வைத்துக்கொண்டார்கள். ஏறத்தாழ 40 அடி உயரச் சுவரை மட்டைப்பெட்டிகளால் மேடையிலேயே அடுக்கி, முடிவில் இடித்துக் காட்டிய அந்தப் பெருஞ்செலவு நிகழ்ச்சிகளில், நட்டப்படாதவர் சம்பளக்காரரான றைட் ஒருவர்தான்.

விசாரணை ஒரு இசைநாடகம்போல நடக்கிறது. வக்கீல், ஆசிரியர், மனைவி, தாய், நீதிபதி எல்லாக் குரலும் வோட்டர்ஸ் ஒருவரே. நாட்டுக்கூத்தில் ஒருவரே வேடம் மாற்றி வருவதுபோல. தீர்ப்பு: சுவரை இடி. பெரும் இரைச்சலோடு அது விழுகிறது. அதற்குப் பிறகு வெற்றி முழக்கம் ஒன்றும் கிடையாது. ஒரு கிளாரினெட், ஒரு சிறிய கையார்மோனியம், ஒரு மண்டலின், கொஞ்சம் பிள்ளைகளின் குரல். தெருவில் நின்று பாடுகிறவர்களைப்போல, இரண்டு நிமிடம்கூட இல்லை. மெட்டின் நடுவிலே ஒரு குரல் ஏதோ சொல்லத் தொடங்கி, வசனம் பாதியிலேயே அறுந்துவிடுகிறது. அதன் மிச்சப் பாதி முதலாவது பாட்டுக்கு முன்னால் இருக்கிறது. அதே மெட்டும் அங்கே இருக்கிறது. கவனிக்காவிட்டால் தெரியாது. மகன் காட்டித்தான் எனக்குத் தெரிந்தது.

பேச்சு நீண்டுவிட்டது, தலைவி மணியைப் பார்க்கிறார். செயலாளரிடம் முன்கூட்டியே கேட்டு ஒரேயொரு பாட்டுக்கு அனுமதி வாங்கியிருக்கிறேன். நோயாளியும் வைத்தியரும் பாடுகிற அந்தப் பாட்டு. ஆறு நிமிடம் சொச்சம். பின்வரிசையில் இருக்கும் தங்கைமார் யாராவது அந்தக் கதவைத் தயவுசெய்து திறந்து விடுங்கள், வெளியே தேநீர் ஆற்றுகிறவர்களுக்கும் கேட்கட்டும். சத்தம் கொஞ்சம் கூடத்தான் இருக்கும்.